தழும்பு இல்லாத கொடுமை

(நூலக வாசகர் வட்டக் கூட்டமொன்றில் குடும்ப நல வழக்கறிஞர் ஒருவர் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



1939-ஆம் ஆண்டில், நாடு விடுதலை அடைவதற்கு எட்டு ஆண்டுகள் முன்பு, முஸ்லிம் திருமணங்களை ரத்துச் செய்வது குறித்து ஒரு சட்டம் வந்தது. எந்தெந்தக் காரணங்களுக்காக ஒரு மனைவி நீதிமன்றத்துக்குப் போய் மணவிலக்குக் கேட்கலாம் என்று அது சொல்கிறது. கொடுமை என்ற இடத்தில், கணவன் வழக்கமாக அடிப்பதைக் குறிப்பிடுகிறது. அதோடு நிற்காமல், உடலைத் துன்புறுத்தும் அளவுக்குப் போகாவிட்டாலும் தன் நடத்தையால் மனைவியின் வாழ்க்கையைத் துயரமாக்குகிறவனும் கொடுமை செய்தவன்தான் என்ற பொருளில் சேர்த்து எழுதியிருக்கிறார்கள்.

எண்பது ஆண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டது. இன்றைக்கும் ஒரு பெண் பெட்டியோடு அம்மா வீட்டுக்கு வந்து, "என்னால முடியலைம்மா" என்றால் நம் வீடுகளில் முதலில் வரும் கேள்வி என்ன? "அடிச்சாரா?" இல்லை என்பாள். "குடிக்கிறாரா? வேற யாராவது...?" அதுவும் இல்லை என்பாள். "அப்புறம் என்னடி?" என்று கேட்டு, இரண்டு நாள் வைத்திருந்து, பலகாரம் கட்டிக் கொடுத்துத் திரும்ப அனுப்பிவிடுகிறோம். ஆண் பிள்ளை வந்து சொன்னால் அந்தக் கேள்விகள்கூடக் கிடையாது. "அனுசரிச்சுப் போடா" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். சட்டம் என்றைக்கோ ஒப்புக்கொண்டதைக் குடும்பம் இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை. இன்று நான் சொல்ல வந்தது இதுதான்.

இந்துத் திருமணச் சட்டம் 1955-இல் வந்தபோது கொடுமைக்காக மணவிலக்குக் கேட்க வழியில்லை. நீதிமன்றப் பிரிவு மட்டும் கேட்கலாம். அதாவது கணவன் மனைவியாகவே இருந்துகொண்டு தனித்தனியே வாழலாம். அதற்கும் ஒரு கடுமையான நிபந்தனை இருந்தது. சேர்ந்து வாழ்ந்தால் தனக்குக் கேடு நேரும் என்ற நியாயமான அச்சம் மனத்தில் எழுந்ததாகக் காட்ட வேண்டும். 1976-இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தியது. மணவிலக்குக்கான காரணங்களில் கொடுமையையும் சேர்த்தது; பழைய அச்ச நிபந்தனையை எடுத்துவிட்டது. இப்போது 13-ஆம் பிரிவில் இருப்பது மிகச் சுருக்கமான ஒரு வாக்கியம்: திருமணத்துக்குப் பிறகு மனுதாரரை எதிர்த்தரப்பினர் கொடுமையாக நடத்தியிருக்க வேண்டும். கொடுமை என்றால் என்ன என்று விளக்கம் கொடுக்கவில்லை. மனிதர் ஒருவரை ஒருவர் வதைக்கும் வழிகளை எந்தச் சட்டமும் முன்கூட்டிப் பட்டியலிட முடியாது என்பதால் நீதிமன்றத்தின் பொறுப்பில் விட்டுவிட்டார்கள். அது சரியான முடிவு என்றே நான் நினைக்கிறேன்.

கிறிஸ்தவப் பெண்களின் நிலைமை இன்னும் மோசமாக இருந்தது. 1869-ஆம் ஆண்டுச் சட்டப்படி, மனைவி பிறழ்ந்தாள் என்று காட்டினாலே கணவனுக்கு விடுதலை உண்டு. மனைவிக்கோ கணவனின் கொடுமை மட்டும் போதாது. அவன் பிறழ்ந்ததையும் சேர்த்து நிரூபிக்க வேண்டும். 1995-இல் கேரள உயர் நீதிமன்றம் இதை ஏற்க மறுத்தது. நாடாளுமன்றம் திருத்தியது 2001-இல். நூற்று முப்பது ஆண்டுகளுக்கு மேலாக எத்தனை பெண்கள் இந்த ஒரு பிரிவுக்குள் அடைபட்டுக் கிடந்திருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள்.

இனித் தீர்ப்புகளுக்கு வருகிறேன். வழக்காடியவர்களின் பெயர்களை நான் சொல்லப்போவதில்லை. சட்டப் புத்தகத்தில் அச்சாகிவிட்டதாலேயே ஒருவருடைய படுக்கையறைத் துயரம் மேடைக்கு உரியதாகிவிடாது. ஆண்டையும் நீதிபதியையும் சொன்னால் போதும்.

1975-இல் நீதிபதி ஒய். வி. சந்திரசூட் எழுதிய உச்ச நீதிமன்றத் தீர்ப்புதான் இந்தத் துறையின் அடித்தளம். நீதிமன்றம் இலட்சியக் கணவனுக்கும் இலட்சிய மனைவிக்கும் தீர்ப்புச் சொல்வதில்லை, தன் முன்னால் நிற்கும் இந்த ஆணுக்கும் இந்தப் பெண்ணுக்குமே தீர்ப்புச் சொல்கிறது என்ற கருத்தை அது நிலைநாட்டியது. குற்ற வழக்கில் சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டும். குடும்ப வழக்கில் அப்படி வேண்டியதில்லை, எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்று எடைபோட்டால் போதும் என்றும் சொன்னது. இந்த ஒரு விதி இல்லாவிட்டால் மனத்துக்கு இழைத்த கொடுமையை யாரும் நிரூபிக்கவே முடியாது. நான்கு சுவருக்குள் சொன்ன சொல்லுக்குச் சாட்சி ஏது?

ஆனால் அந்த வழக்கைத் தொடுத்த கணவர் தோற்றார். மனைவி கொடுமை செய்தார் என்பதை நீதிமன்றம் ஏற்றது. அதன் பின்னும் இருவரும் தம்பதியாக வாழ்ந்து குழந்தை உண்டானதால், அவர் அந்தக் கொடுமையை மன்னித்துவிட்டார் என்று முடிவு செய்தது. இந்துத் திருமணச் சட்டத்தின் 23-ஆம் பிரிவின்படி, மன்னித்துவிட்ட கொடுமையைக் காரணம் காட்டி மணவிலக்குப் பெற முடியாது. மன்னித்த பிறகு மீண்டும் கொடுமை செய்தால் பழையதும் உயிர் பெறும் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. "எல்லாத்தையும் மறந்து இன்னொரு தடவை சேர்ந்து இருந்து பாருங்க" என்று சமாதானம் பேசும் பெரியவர்களுக்கு இது தெரிந்திருக்க வேண்டும்.

1987-ஆம் ஆண்டு வழக்கில் கணவர் மருத்துவர், மனைவி முதுகலைப் பட்டதாரி. மாமனார் மாமியார் பணம் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். வசதியுள்ள மனைவியிடம் பணம் கேட்பதில் என்ன தவறு என்ற தொனியில் கீழே இருந்த நீதிமன்றங்கள் மனைவியின் மனுவைத் தள்ளிவிட்டன. உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி கே. ஜெகந்நாத ஷெட்டி அதை மாற்றினார். வரதட்சணை கேட்பதே கொடுமை என்றார். கொடுமை செய்யும் நோக்கம் இருந்ததா என்று தேட வேண்டியதில்லை, நடத்தை எத்தகையது என்று பார்த்தால் போதும் என்றார். நீதிபதிகளும் வக்கீல்களும் தங்கள் வாழ்க்கைப் பார்வையை வழக்குக்குள் கொண்டுவரக் கூடாது, தலைமுறை இடைவெளி இருக்கலாம் என்றும் எச்சரித்தார். இந்த எச்சரிக்கையை நம் நீதிமன்றங்கள் எப்போதும் நினைவில் வைத்திருக்கவில்லை. அதைப் பிறகு சொல்கிறேன்.

மேற்கு வங்கத்தில் ஐ.ஏ.எஸ். அதிகாரிகளான ஒரு தம்பதியின் வழக்கு 2007-இல் முடிவுக்கு வந்தது. மனைவி தனக்கு மட்டும் சமைத்துக்கொண்டார், கணவருக்குச் சமைக்கவில்லை என்பது புகார்களில் ஒன்று. பெரிய பதவியில் இருக்கும் பெண் சமைக்க வேண்டுமா என்று உயர் நீதிமன்றம் கேட்டது. நல்ல கேள்விதான். ஆனால் பிரச்சினை சமையல் இல்லையே. ஒரே வீட்டில் தனக்கு மட்டும் உலை வைத்துவிட்டு, இன்னொருவரைப் பொருட்படுத்தாத அந்தச் செயலைத்தான் கவனிக்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். கணவருக்கு இதய அறுவைச் சிகிச்சை நடந்தது. எப்படி இருக்கிறீர்கள் என்று ஒரு விசாரிப்புகூட இல்லை. பதினாறு ஆண்டுகளுக்கு மேலாகப் பிரிந்து வாழ்ந்திருந்தார்கள். நீதிபதி தல்வீர் பண்டாரி எழுதிய அந்தத் தீர்ப்பில் பதினான்கு உதாரணங்கள் வருகின்றன. பாராமுகம், தொடர்ந்த அலட்சியம், குழந்தை வேண்டாம் என்று ஒருவர் மட்டுமே எடுக்கும் முடிவு, மீளமுடியாத நீண்ட பிரிவு ஆகியவை அவற்றில் உண்டு. எது கொடுமை ஆகாது என்பதையும் அதே தீர்ப்பு சொல்கிறது. அன்றாடச் சிறு சண்டைகள், எரிச்சல்கள், எந்தக் குடும்பத்திலும் நடக்கும் உரசல்கள் போதாது. ஓரிரு சம்பவங்களைப் பிய்த்தெடுத்துப் பார்க்காமல் இல்லறத்தை முழுமையாகப் பார்க்க வேண்டும்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க விரும்புகிறேன். "அப்படியானால் யார் வேண்டுமானாலும் மனக்கொடுமை என்று வழக்குப் போடலாமே" என்று கேட்பவர்கள் உண்டு. போடலாம், ஜெயிக்க முடியாது. தொடர்ச்சி வேண்டும், கனம் வேண்டும், இனி இவரோடு வாழ முடியாது என்று சொல்வதில் நியாயம் வேண்டும். இவற்றை எப்படி எடைபோடுகிறார்கள் என்பதை நான் நடத்திய ஒரு வழக்கின் மூலம் சொல்கிறேன். ஆளை அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.

வழக்குத் தொடுத்த பெண்ணின் கணவர் தெருவில் நல்ல பெயர் உள்ளவர். சிகரெட், குடி கிடையாது. சம்பளத்தை ஒழுங்காக வீட்டுக்குக் கொண்டுவருவார். கை ஓங்கியதே இல்லை. வீட்டில் எப்போதும் ஒரு நாற்பது பக்க நோட்டு இருக்கும். அன்றாடச் செலவை மனைவி அதில் எழுத வேண்டும். இரவு சாப்பாட்டுக்குப் பிறகு அவர் சிவப்புப் பேனாவால் திருத்துவார். கொத்தமல்லிக்குப் பத்து ரூபாய் என்றால் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி. அவள் அம்மாவைப் பார்க்கப் போன பஸ் கட்டணத்தின் கீழ் இரண்டு கோடு, 'அவசியமா?' என்று ஒரு சொல். கணக்கு உதைத்தால் மறுநாளிலிருந்து பேச்சு நின்றுவிடும். "அம்மாகிட்ட காபி போடச் சொல்லு" என்று எதிரில் நிற்கும் மனைவிக்கு ஏழு வயது மகன் மூலம் சேதி போகும். மாதக்கணக்கில் அப்படியே போகும். அந்தப் பையன் பள்ளிக்கூடத்தில் பேசுவதைக் குறைத்துக்கொண்ட பிறகுதான் அவள் என்னிடம் வந்தாள்.

குறுக்கு விசாரணையில் எதிர்த்தரப்பு வக்கீல் கேட்டார். "உங்களை அவர் அடித்ததுண்டா?" "இல்லைங்க." "சாப்பாட்டுக்கு, துணிமணிக்குக் குறை வைத்தாரா?" "இல்லைங்க." "குடும்பச் செலவைக் கணக்குப் பார்ப்பது தப்பா?" அவள் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "கணக்கு பாக்கறது தப்பில்லீங்க. நான் அந்த வீட்ல ஒரு ஆளுன்னு அவர் எங்கேயும் எழுதலீங்க" என்றாள். நோட்டுகள் சான்றாவணங்களாகக் குறியீடு செய்யப்பட்டன. நீதிபதி ஒவ்வொரு நோட்டாகப் புரட்டினார். பக்கத்துக்குப் பக்கம் சிவப்பு மை. தனித்தனியாகப் பார்த்தால் ஒரு பக்கமும் கொடுமை என்று சொல்லும்படி இல்லை. நான்கு ஆண்டு நோட்டுகளை அடுக்கிவைத்துப் பார்த்தபோது தெரிந்தது. மணவிலக்குக் கிடைத்தது.

அவள் அந்த நோட்டுகளைத் தூக்கிப் போட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நான் பலமுறை நினைத்திருக்கிறேன். மனுவில் 'சொல்லொணாத் துன்பம்', 'தாங்கமுடியாத சித்திரவதை' என்று அடுக்கி எழுதுகிறோம். அதனால் ஒரு பயனும் இல்லை. எந்தத் தேதியில், யார் முன்னால், என்ன சொன்னார், அதன் பிறகு என்ன நடந்தது என்பதே வேண்டும். வாட்ஸ்அப் செய்திகளை அழித்துவிடாதீர்கள். தூக்கம் வராமல் மருத்துவரைப் பார்த்திருந்தால் அந்தச் சீட்டை வைத்திருங்கள். நம்பிக்கையான ஒருவரிடம் அன்றைக்கே சொல்லிவையுங்கள். அவர் பிறகு சாட்சி சொல்ல முடியும். குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு, சாதாரண சாட்சியச் சட்டம் ஏற்காத ஆவணத்தையும் வழக்குக்கு உதவும் என்றால் பார்க்க நீதிபதிக்கு அனுமதி தருகிறது. கணவன் மனைவிக்குள் இரகசியமாகப் பதிவு செய்த தொலைபேசிப் பேச்சையும் மணவிலக்கு வழக்கில் சாட்சியமாக ஏற்கலாம் என்று 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. ஆனால் குழந்தையின் கையில் போனைக் கொடுத்துப் பதிவு செய்யச் சொல்லும் வேலையை மட்டும் தயவுசெய்து செய்யாதீர்கள்.

இப்போது என் தொழிலைச் சேர்ந்தவர்களைப் பற்றிப் பேச வேண்டும். மனக்கொடுமை சில சமயம் நீதிமன்றத்துக்குள்ளேயே பிறக்கிறது. மணவிலக்கு மனு வந்ததும் எதிருரையில் என்ன எழுதுகிறோம்? மனைவி மனுதாரர் என்றால் அவள் நடத்தை சரியில்லை என்று ஒரு வரி. கணவர் மனுதாரர் என்றால் அவருக்கு மனநோய், குடும்பமே அப்படித்தான் என்று ஒரு வரி. 1993-இல் நீதிபதி பி. பி. ஜீவன் ரெட்டி முன்னிலையில் வந்தது அத்தகைய வழக்கு. கணவர் ஒரு வழக்கறிஞர். அவருக்கும் அவர் குடும்பத்தாருக்கும் புத்தி சுவாதீனம் இல்லை என்று மனைவி தரப்பு எதிருரையில் எழுதியது, குறுக்கு விசாரணையிலும் கேட்டது. அந்த எழுத்தும் அந்தக் கேள்விகளுமே மனக்கொடுமை என்று சொல்லித் திருமணத்தை முறித்தது நீதிமன்றம். 2003-ஆம் ஆண்டு வழக்கு ஒன்றில், மனைவியின் ஒழுக்கத்தைப் பழித்து எழுதிய கணவர், பிறகு எதிருரையைத் திருத்தி அந்தப் பகுதியை நீக்கிக்கொண்டார். நீக்கினாலும் பட்ட காயம் பட்டதுதான் என்று உச்ச நீதிமன்றம் மனைவிக்கு மணவிலக்குக் கொடுத்தது. பொய்யான குற்றப் புகார்களைத் தொடர்ந்து கொடுப்பதும் மனக்கொடுமை என்று 2013-இல் சொல்லியிருக்கிறது.

ஒரு பெண் நிஜமாகவே வதைபட்டிருக்கிறாள். அவள் வழக்கில் நடக்காத ஒன்றைச் சேர்த்து எழுதினால், நடந்தவை எல்லாம் அதோடு சேர்ந்து சந்தேகத்துக்குள்ளாகின்றன. "கேஸ் ஸ்ட்ராங்கா இருக்கணும்" என்று சொல்லிச் சேர்ப்பவர் அவளுக்கு நன்மை செய்யவில்லை. இளம் வக்கீல்கள் சிலர் இங்கே வந்திருக்கிறீர்கள். கட்சிக்காரர் சொல்லாத அவதூறை உங்கள் பேனா எழுதக் கூடாது.

நீதிமன்றங்களோடு எனக்கு முரண்பாடு உள்ள இடங்களும் உண்டு. 2016-இல் ஒரு தீர்ப்பு வந்தது. மனைவி திரும்பத் திரும்பத் தற்கொலை மிரட்டல் விடுத்தார், கணவர் மீது ஆதாரமில்லாத பழி சுமத்தினார். இந்த இரண்டும் கொடுமை என்பதில் எனக்கு மாற்றுக்கருத்து இல்லை. தற்கொலை மிரட்டலோடு வாழும் ஆண்களின் நடுக்கத்தை நான் நேரில் பார்த்திருக்கிறேன். ஆனால் அதே தீர்ப்பு, பெற்றோரை விட்டுத் தனிக்குடித்தனம் வரச் சொல்லி மனைவி வற்புறுத்துவதையும் கொடுமையாக்கியது. இந்திய மகன் பெற்றோரோடு இருப்பதே பண்பாடு என்று காரணம் சொன்னது. மகளுக்கும் பெற்றோர் உண்டு. திருமணமான அன்றே அவர்களை விட்டுவிட்டு வருகிறவள் அவள். அதை எந்த நீதிமன்றமும் கொடுமைக் கணக்கில் சேர்க்கவில்லை.

2022-இல் நம் சென்னை உயர் நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு ஒன்றில், மனைவி தாலியைக் கழற்றி வைத்தது மிகப் பெரிய மனக்கொடுமையைக் காட்டுகிறது என்று எழுதினார்கள். அதுமட்டுமே திருமணத்தை முறிக்கப் போதாது என்று அந்தத் தீர்ப்பே சொல்கிறது. கணவரின் பணியிடத்தில் போய் அவர் நடத்தையைப் பழித்தது போன்ற வேறு காரணங்களும் இருந்தன. இருந்தாலும் அந்த வரி எனக்கு உறுத்துகிறது. மாலை மாற்றியோ மோதிரம் மாற்றியோ தாலி கட்டியோ, எந்த வகையில் செய்தாலும் திருமணம் செல்லும் என்று 1967-இல் அண்ணா ஆட்சியில் இந்துத் திருமணச் சட்டத்தில் 7-ஏ பிரிவைச் சேர்த்த மாநிலம் இது. தாலியே இல்லாமல் செல்லும் திருமணத்தைச் சட்டமாக்கிய மண்ணில், அதைக் கழற்றி வைத்த கையைக் கொடுமையின் சான்றாகக் காட்டுவது பொருந்தவில்லை. ஜெகந்நாத ஷெட்டி 1987-இல் எச்சரித்தது இதைத்தான்.

ஆறுதலான பக்கமும் இருக்கிறது. 2023-இல் நீதிபதி எம். எம். சுந்தரேஷ் எழுதிய தீர்ப்பில், ஒரு பெண்ணுக்குக் கொடுமையாக இருப்பது ஆணுக்கு அப்படி இல்லாமல் போகலாம், மனைவி மணவிலக்குக் கேட்கும்போது நெகிழ்வான பார்வை வேண்டும் என்ற கருத்து வருகிறது. பிரிந்த பிறகு அவள் எதிர்கொள்ளும் சமூகம் வேறு என்பதை ஒப்புக்கொண்ட தீர்ப்பு அது. அதே ஆண்டு மே மாதம், ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு, மீட்கவே முடியாதபடி முறிந்துபோன திருமணத்தை அரசியல் சாசனத்தின் 142-ஆவது பிரிவின் கீழ் உச்ச நீதிமன்றம் கலைக்கலாம் என்றது. இந்த அதிகாரம் குடும்ப நீதிமன்றத்துக்குக் கிடையாது. நம் ஊரில் வழக்காடும் எளியவர்கள் டெல்லி வரை போக முடியாது. முறிந்த திருமணம் என்பதையே ஒரு காரணமாகச் சட்டத்தில் சேர்க்க வேண்டும். பெண்ணின் பொருளாதாரப் பாதுகாப்பை உறுதி செய்துவிட்டுச் சேர்க்க வேண்டும். அப்படிச் செய்தால் ஒருவரை ஒருவர் கெட்டவர் என்று நிரூபிக்க ஆண்டுக்கணக்கில் வாய்தாவுக்கு அலைவது குறையும்.

மணவிலக்கு வேண்டாம், வதை மட்டும் நிற்க வேண்டும் என்று நினைக்கும் பெண்களே அதிகம். அவர்களுக்கு 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் இருக்கிறது. அந்தச் சட்டம் சொல்லாலும் மனத்தாலும் செய்யும் வதையைத் தனியாகவே குறிப்பிடுகிறது. குழந்தை இல்லை என்றோ ஆண் குழந்தை பெறவில்லை என்றோ குத்திக்காட்டுவதைப் பெயர் சொல்லிச் சேர்த்திருக்கிறார்கள். 'மலடி' என்ற சொல்லைத் தினமும் கேட்டுக்கொண்டு இருப்பவள் அந்த வீட்டிலேயே இருந்துகொண்டு நீதிமன்றத்திடம் பாதுகாப்பு உத்தரவு கேட்கலாம்.

இங்கே இருக்கும் பெற்றோர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். பிள்ளை வந்து சொல்லும்போது சமாதானம் செய்ய அவசரப்படாதீர்கள். உட்கார வைத்து, என்ன நடந்தது என்று முழுவதையும் கேளுங்கள். சொல்லச் சொல்ல ஒரு தாளில் தேதியோடு குறித்துக்கொள்ளுங்கள். பிறகு ஒரு வக்கீலிடம் அழைத்துப் போங்கள். வழக்குப் போடத்தான் வேண்டும் என்பதில்லை, வழி என்னென்ன என்று தெரிந்துகொள்ளவாவது போங்கள்.

பணம் இல்லையே என்று தயங்க வேண்டாம். 1987-ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி, பெண்களுக்கு வருமான வரம்பு ஏதும் பார்க்காமல் இலவசமாக வக்கீல் வைத்துத் தருவார்கள்; வருமானம் குறைந்த ஆண்களுக்கும் உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலும் தாலுகா நீதிமன்றத்திலும் அந்த அலுவலகம் இருக்கிறது. தொலைபேசியில் சட்ட உதவிக்கு 15100, பெண்கள் உதவிக்கு 181.